புனைவும் மோசடியும்

விவரணத் திரைப்படத்திற் புனைவு கலப்பது மோசடி என வாதிடுவோர் உளர். கனடிய நெறியாளர் சாரா பொலியின் 'ஸ்டோரீஸ் வீ டெல்' (2012) இவ்வாதத்தைத் தகர்க்கின்றது. 1990இல் மறைந்த தாய் டயான் ஒளித்துவைத்த உறவையும், அதன்வழி வெளிப்பட்ட தமது பிறப்பின் உண்மையையும் அவர் குடும்பத்தார் வாயிலாகவே ஆராய்கிறார். பழைய குடும்பப் படச்சுருள்களெனத் தோன்றுவனவற்றுட் பல, நடிகரைக் கொண்டு எடுக்கப்பட்டவை. அதனைப் படமே இறுதிப் பகுதியில் அம்பலப்படுத்துகின்றது. இது மோசடியன்று. வளர்த்த தந்தையும் உடன்பிறந்தோரும் காதலரும் தத்தம் நினைவிலிருந்து வெவ்வேறு டயானைப் படைக்கின்றனர். மறுத்துரைக்க அவரோ இல்லை. இறந்தவர் பெயரால் இருப்போர் பேசுவதே குடும்ப வரலாறு. அதனை ஒப்புக்கொள்ளும் புனைவு நேர்மையானது. கத்தரிக்கோலை மறைத்துவிட்டு, 'இதுவே உண்மை' எனச் சாதிக்கும் விவரணப்படமே மோசடியாகும்!