ஆறிய புண்ணா?

பிரிவினை நாவல்கள் ஆறிய புண்ணைக் கீறுகின்றன. நாடு ஒன்றாக இருக்க வேண்டுமானால் மறப்பதே நல்லது. இதுதான் எதிர்ப்பவர்களின் வாதம். அக்கறை உண்மைதான், தர்க்கம்தான் உதைக்கிறது.

ஒன்று: புண் எப்போது ஆறியது? 1947 மார்ச்சில் ராவல்பிண்டிக் கலவரத்தைக் கண்ட பீஷ்ம சாஹ்னி, அப்போதே நாவல் எழுதிவிடவில்லை. 1970இல் மகாராஷ்டிரத்தின் பிவண்டி எரிந்தது. போய்ப் பார்த்தார்; பழையதெல்லாம் திரும்ப வந்தது. அதன் பிறகுதான் ‘தமஸ்’. ஆக, கலவரம்தான் நாவலைக் கிளப்பியது. பழியை மட்டும் ஏன் நாவல்மீது போட வேண்டும்?

இரண்டு: புத்தகத்தைத் திறந்தாவது பார்த்தார்களா? தொடக்கத்திலேயே தோல் வேலை செய்யும் நத்து, புழுக்கமான அறையில் ஒரு பன்றியோடு மல்லுக்கட்டுகிறான். கால்நடை மருத்துவருக்கு வேண்டுமாம்; கூலி ஐந்து ரூபாய். பிறகு ஒரு பன்றி மசூதிப் படியில் செத்துக் கிடக்கிறது. வாசகனுக்கு எந்த மதத்தின்மீது கோபம் வரும்? ஏவிவிட்டவன்மீதுதான்.

மூன்றாவது, ‘ஊர் பற்றிக்கொள்ளும்’ என்ற பயம். 1988இல் கோவிந்த் நிஹலானியின் ‘தமஸ்’ தொடர் தூர்தர்ஷனில் வந்தபோது இதே பயத்தோடு வழக்குப் போட்டார்கள். பம்பாய் உயர் நீதிமன்ற நீதிபதிகள் இருவர் தொடர் முழுவதையும் போட்டுப் பார்த்தார்கள், தடை மறுத்தார்கள். உச்ச நீதிமன்றமும் மறுத்தது. தொடர் ஒளிபரப்பானது.