மன்னார்க் கடலில காஸ் இருக்கு, சரி… திட்டம் எங்க?

2022 ஏப்ரலில் 12.5 கிலோ காஸ் சிலிண்டர் ஒன்று 4,860 ரூபாவுக்குப் போன நாட்களை எங்கட வயதுக்காரர் ஒருத்தரும் மறந்திருக்க மாட்டோம். வெறும் சிலிண்டரை வரிசையில் வைத்துவிட்டு வெயிலுக்குள் நின்றவர்களில் நாங்களும் அடக்கம். அந்த வரிசைகளில் அடிக்கடி காதில் விழுந்த கதை இதுதான்: "மன்னார்க் கடலுக்குள்ள காஸ் நிரம்பிக் கிடக்காம். அதை எடுத்தாக் காணும், எல்லாம் சரி."

கதையில் பாதி உண்மை. 2011இல் கெய்ர்ன் நிறுவனம் மன்னார்ப் படுகையில் துளையிட்டபோது 'டொராடோ', 'பராகுடா' எண்ட இரண்டு கிணறுகளில் எரிவாயு கண்டுபிடிக்கப்பட்டது. ஆனால் 2015இல் அந்த நிறுவனம் விட்டுவிட்டுப் போய்விட்டது. டொராடோ இருக்கிற இடத்தில் கடல் ஒரு கிலோமீற்றருக்கும் மேல் ஆழம். எடுக்கிற செலவும் அதுக்கேற்ற மாதிரிப் பெரிசு.

மற்றப் பாதி பிழை. எங்கட குசினியில் எரிவது புரொப்பேனும் பியூட்டேனும் கலந்த பெற்றோலிய வாயு. மன்னாரில் கண்டது இயற்கை வாயு, பெரும்பாலும் மீதேன். அது வந்தால் முதலில் போவது மின்நிலையத்துக்குத்தான், அடுப்புக்கு இல்லை. அப்ப எங்களுக்கென்ன எண்டு கேட்கலாம். மாசம் மாசம் வீட்டுக்கு வருகிற கரண்ட் பில்தான் பதில்.

உயர்தரத்தில் பொருளியல் படித்தவர்களுக்குக் கேள்வியும் நிரம்பலும் பாடமாக இருக்கும். இந்த நாட்டில் எரிவாயுவுக்குக் கேள்வி ஒரு பக்கம் காத்திருக்கு, நிரம்பல் இன்னொரு பக்கம் காத்திருக்கு. கெரவலப்பிட்டியில் 300 மெகாவோட் யுகதனவி நிலையம் பிறகு இயற்கை வாயுவுக்கு மாறலாம் எண்ட எண்ணத்தோடு 2010இல் கட்டி முடிக்கப்பட்டது. வாயு வரவில்லை, எண்ணெயில் ஓடியது. துளையிட வருகிறவன் வாங்க ஆள் இருக்கா எண்டு கேட்கிறான். மின்நிலையம் வாயு எப்ப வரும் எண்டு கேட்கிறது. இரண்டுக்கும் நடுவில் நின்று பதில் சொல்ல வேண்டியது அரசின் எரிசக்திக் கொள்கை.

கடலில் எடுக்காமல் கப்பலில் இறக்கலாம் எண்டும் ஒரு வழி இருக்கு. வாயுவை −162 பாகை செல்சியசுக்குக் குளிராக்கித் திரவமாகக் கொண்டுவருவது. 2021 செப்டெம்பரில் அமெரிக்காவின் நியூ போர்ட்ரெஸ் எனர்ஜியுடன் அப்படியொரு ஒப்பந்தம் போட்டார்கள். யுகதனவியில் 40 வீதப் பங்கும் அதற்குள் அடக்கம். மின்சார சபைத் தொழிற்சங்கங்கள் எதிர்த்தன, வழக்கும் போடப்பட்டது. வாயு மட்டும் வரவில்லை.

எங்கட பயம் இதுதான். இந்த வகை ஒப்பந்தங்களில் வழக்கமாக ஒரு நிபந்தனை இருக்கும்: எடுத்தாலும் எடுக்காவிட்டாலும் குறித்த அளவுக்குக் காசு கட்ட வேணும், அதுவும் டொலரில். ஆனால் எங்கட கேள்வி நிலையானது இல்லை. மழை நல்லாப் பெய்த வருசம் நீர்மின்சாரம் தாராளமாகக் கிடைக்கும், வாயு குறைவாகவே தேவைப்படும். 2025 ஏப்ரல் புத்தாண்டு நாட்களில் மின்பாவனை குறைந்ததால், கூரைச் சூரியப் படலங்களைப் பகலில் நிறுத்தச் சொல்லி மின்சார சபையே கேட்டது. சும்மா கிடைக்கிற வெயிலையே நிறுத்தச் சொல்கிற நிலையில், பயன்படுத்தாத வாயுவுக்கும் இருபது வருசம் காசு கட்டச் சம்மதித்தால், அந்தக் கடனை அடைக்கப்போவது நாங்கள்தான்.

நாங்கள் வாயுவே வேண்டாம் எண்டு சொல்லவில்லை. பின்னேரம் ஆறரைக்குப் பிறகு, வெயில் இல்லாத நேரத்தில்தான் நாடு முழுக்க லைட்டும் மின்விசிறியும் ஓடும். அந்த நேரத்துக்கு வேகமாகக் கூட்டிக் குறைக்கக்கூடிய நிலையம் தேவை. எரியும்போது வாயு வெளிவிடும் காபனீரொட்சைட்டு நுரைச்சோலை நிலக்கரியோடு ஒப்பிட்டால் ஏறக்குறைய பாதி. ஆனால் குழாயில் கசிகிற மீதேன் பூமியை அதைவிடப் பலமடங்கு சூடாக்கும். ஆகவே வாயு பின்னேரத்துக்குத் துணையாக இருக்கட்டும். நாள் முழுக்க அதை நம்பியிருக்கிற மாதிரி நாட்டைக் கட்டக்கூடாது.

மன்னார் ஆட்களைப் பற்றியும் சொல்ல வேணும். 2025இல் அவர்கள் புதிய காற்றாலைகளுக்கு எதிராக வீதிக்கு இறங்கினபோது, அபிவிருத்திக்கு எதிரானவர்கள் எண்டு சிலர் சுலபமாகச் சொல்லிவிட்டார்கள். தங்கட நிலத்துக்கும் தொழிலுக்கும் என்ன நடக்கும் எண்டுதான் அவர்கள் கேட்டார்கள். நாளைக்கு வாயு எடுக்கக் கப்பல் வந்தால், அதே ஊர் மீனவர் அதே கேள்வியைத்தான் கேட்பார்கள். கையெழுத்துப் போட்ட பிறகு கூட்டம் வைத்து விளங்கப்படுத்துவது கலந்தாலோசனை இல்லை.

அடுத்த ஒப்பந்தம் வரும்போது மூன்று விசயம் பார்ப்போம். ஒப்பந்தம் மூன்று மொழியிலும் முழுமையாக வெளியிடப்பட்டதா? எடுக்காத வாயுவுக்கு எவ்வளவு கட்ட வேணும்? மன்னாரில் ஆரிட்ட, எப்ப கேட்டார்கள்? மூன்றுக்கும் பதில் கிடைக்கும்வரை, 'மன்னார்க் கடலில காஸ் இருக்கு' எண்டு சொல்லி ஆரும் எங்களைச் சமாதானப்படுத்த வேண்டாம்.