பாட்டியின் கைக்கு ஒரு கதைப்புத்தகம்

காது கேளாத தமிழ்ப் பிள்ளைக்கு என்ன கதைப்புத்தகம் கொடுக்கலாம் என்று யாராவது கேட்டால், நம்மில் பலருடைய கை ஆங்கில அடுக்கின் பக்கம்தான் நீளும். அதில் தவறில்லை; நல்ல புத்தகங்கள் அங்கே இருக்கின்றன. ஆனால் அந்தப் பிள்ளையைப் பகல் முழுக்கப் பார்த்துக்கொள்ளும் பாட்டி எந்தப் புத்தகத்தை விரிப்பார் என்று கேட்டால் நம்மிடம் பதில் இல்லை. சிறார் நூலகர்களும் பாலர் பள்ளி ஆசிரியர்களும் எழுத்தாளர்களும் ஓவியர்களும் பதிப்பாளர்களும் படிக்கும் இந்த இதழில் இம்முறை அந்தப் பாட்டியைப் பற்றிப் பேச விரும்புகிறேன்.

செங்காங்கையே எடுத்துக்கொள்வோம். காம்பஸ்வேல், ரிவர்வேல், ஆங்கர்வேல், ஃபெர்ன்வேல் என்று இளங்குடும்பங்கள் நிறைந்த வட்டாரம். அம்மாவும் அப்பாவும் காலையில் எம்ஆர்டி ஏறிவிட்டால், பிள்ளையைப் பாலர் பள்ளியில் விடுவது, அழைத்துவருவது, சோறூட்டுவது எல்லாம் பல வீடுகளில் பாட்டி தாத்தா பொறுப்பு. பேரப்பிள்ளையை காம்பஸ் ஒன்னில் இருக்கும் நூலகத்துக்குக் கூட்டிப்போய்ப் புத்தகம் எடுத்துக்கொடுப்பவரும் பெரும்பாலும் அவர்தான். அவர் வாயில் வருவது தமிழ். அவருடைய பேரப்பிள்ளைக்குக் காது கேட்கவில்லை என்றால் அந்தத் தமிழ் எங்கே போய்ச் சேரும்?

ஆயிரம் குழந்தைகளில் ஒன்று முதல் மூன்று வரை செவித்திறன் குறையுடன் பிறக்கின்றன. சிங்கப்பூரில் குழந்தை பிறந்த மருத்துவமனையிலேயே செவிப் பரிசோதனை நடந்துவிடுகிறது. அதனால் விஷயம் சீக்கிரம் தெரிந்துவிடும். அதன்பின் செவிக்கருவி, காக்லியர் பொருத்தும் அறுவை சிகிச்சை, பேச்சுப் பயிற்சி என்று மருத்துவம் தன் வழியில் வேகமாக நடக்கிறது. மொழி அந்த வேகத்தில் நடப்பதில்லை. அமெரிக்கத் தரவுகளின்படி காது கேளாத பிள்ளைகளில் பத்தில் ஒன்பதுக்கும் மேற்பட்டவர்களின் பெற்றோர் காது கேட்பவர்கள். தாங்கள் முதன்முதலில் நெருங்கிப் பழகும் காது கேளாத மனிதர் தங்கள் சொந்தப் பிள்ளைதான் என்ற நிலையில் அவர்கள் நிற்கிறார்கள். ரேச்சல் மேபெரியும் அவருடைய சகாக்களும் 2002ல் நேச்சர் இதழில் வெளியிட்ட ஆய்வு ஒன்றை நம் துறையினர் அனைவரும் அறிந்திருக்க வேண்டும். இளவயதில் ஏதேனும் ஒரு மொழியை, பேச்சுமொழியோ சைகைமொழியோ, முழுமையாகப் பெற்றவர்கள் பிற்பாடு வேறு மொழியையும் நன்றாகக் கற்றார்கள். அந்த வயதில் எந்த மொழியும் சரிவரக் கிட்டாதவர்கள் பின்னர் தடுமாறினார்கள். சைகை கற்றால் பேச்சு வராமல் போய்விடும் என்று இன்றும் அஞ்சும் பெற்றோருக்கு நாம் எடுத்துச்சொல்ல வேண்டிய செய்தி இது.

எந்தச் சைகைமொழி என்பது அடுத்த கேள்வி. இங்கே கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். நல்ல எண்ணத்தோடு செய்யப்படும் பல நூல்கள் சறுக்குவது இந்த இடத்தில்தான். ஷாங்காயில் 1926ல் பிறந்து, சிறுவயதிலேயே செவித்திறனை இழந்த பெங் சு யிங், 1954ல் சிங்கப்பூரில் சீனச் சைகைமொழிப் பள்ளியைத் தொடங்கினார். அவர் கொண்டுவந்தது ஷாங்காய்ச் சைகைமொழி. 1955ல் உருவான சிங்கப்பூர்ச் செவித்திறன் குறைந்தோர் சங்கம் வாய்வழிப் பேச்சுமுறையில் கற்பித்தது. சங்கத்தின் வகுப்புகளும் பெங்கின் பள்ளியும் 1963ல் ஒன்றாகி, காது கேளாதோருக்கான சிங்கப்பூர்ப் பள்ளி ஆனது. 1970களில் அமெரிக்கச் சைகைகளும், ஆங்கில வாக்கியத்தைச் சொல்லுக்குச் சொல் கையால் காட்டும் முறையும் வந்து சேர்ந்தன. இவற்றோடு பள்ளி முற்றத்திலும் கூடுமிடங்களிலும் இங்கேயே முளைத்த சைகைகளும் கலந்து ஒரு மொழியாக வளர்ந்தன. அதற்குச் சிங்கப்பூர்ச் சைகைமொழி என்று 2008ல் பெயர் கொடுத்தவர் ஆண்ட்ரூ டே. அந்தப் பள்ளி 2017ல் மூடப்பட்டது. 2018 முதல் சைகைமொழி பயன்படுத்தும் பிள்ளைகளை மேஃபிளவர் தொடக்கப்பள்ளி சேர்த்துக்கொள்கிறது. அதற்குப்பின் அவர்கள் பீட்டி உயர்நிலைப்பள்ளிக்குச் செல்லலாம்.

அமெரிக்க நூலில் இருக்கும் சைகைப் படத்தை அப்படியே எடுத்துப் போட்டால் பாதி பொருந்தும், பாதி பொருந்தாது. சென்னையிலிருந்து வரும் நூலிலும் இதே சிக்கல் உண்டு. இந்தியச் சைகைமொழி ஆராய்ச்சி, பயிற்சி மையம் 2021க்குள் 10,000 சொற்கள் கொண்ட அகராதியை வெளியிட்டுவிட்டது. தமிழ்ப் பதிப்பாளர்களுக்கு அது பெரிய வளம். ஆனால் இந்தியச் சைகைமொழியில் எழுத்துகளை இரு கைகளால் காட்டுவார்கள், இங்கே ஒரு கையால். செங்காங்கில் வளரும் பிள்ளைக்கு அந்த நூலைக் கொடுத்தால், பள்ளியில் ஒரு மொழி, பாட்டி கையில் வேறொரு மொழி என்றாகிவிடும். வீட்டுக்குள் ஒரு பாலம் போடுவதற்காக வாங்கிய புத்தகம் இன்னொரு இடைவெளியை உண்டாக்கக் கூடாது.

இனி தமிழுக்கு வருவோம். செவித்திறன் குறைந்த மாணவர்கள் தாய்மொழிப் பாடத்திலிருந்து விலக்குப் பெற வழியுண்டு. பிள்ளைக்குச் சுமை குறைகிறது என்ற நிம்மதியில் குடும்பம் அதை ஏற்றுக்கொள்கிறது. அவர்களைக் குறைசொல்ல எனக்கு மனமில்லை. ஆனால் விளைவு என்ன? பிள்ளைக்கு ஆங்கிலம் எழுத்திலும் சைகைமொழி கையிலும் இருக்கின்றன. பாட்டிக்குத் தமிழ் மட்டும். இருவரும் ஒரே சோபாவில் உட்கார்ந்திருக்கிறார்கள். பசி, தூக்கம், குளியல் போன்றவற்றுக்கு வீட்டுக்குள்ளேயே ஏதோ சில கையசைவுகள் உருவாகிவிடுகின்றன. கதைக்கு அவை போதாது. நரி ஏன் காக்கையிடம் நைச்சியமாகப் பேசியது என்று அந்தக் கையசைவுகளால் சொல்லிவிட முடியாது.

சிங்கப்பூர்ச் சைகைமொழி என்றால் ஆங்கிலத்தைக் கையால் எழுதுவது என்ற எண்ணம் நம்மவர் பலரிடம் இருக்கிறது. ஆங்கில முதலெழுத்தின் கைவடிவத்தைக் கொண்ட சைகைகள் அதில் இருப்பதும், பள்ளிகளில் நெடுங்காலம் ஆங்கிலத்தையொட்டிய முறை இருந்ததும் அதற்குக் காரணம். ஆனால் அதற்கென்று தனி இலக்கணம் உண்டு. மழைக்கான சைகை ஆங்கிலத்துக்குச் சொந்தமில்லை, தமிழுக்கும் இல்லை. ஆகவே ஆங்கில வரிக்குக் கீழே அந்தச் சைகையைப் போடலாம் என்றால், தமிழ் வரிக்குக் கீழேயும் அதே உரிமையோடு போடலாம். தமிழ் எழுத்தும் சிங்கப்பூர்ச் சைகையும் ஒரே பக்கத்தில் நிற்கும் படக்கதையை உலகில் வேறு யாரும் நமக்காகச் செய்து தரப்போவதில்லை. சென்னைக்கு அது தேவையில்லை. இங்குள்ள ஆங்கிலப் பதிப்பாளருக்கு அது தோன்றாது. வேலை நம்முடையது.

எப்படிப்பட்ட கதை? வெளியே வந்திருக்கும் நூல்களில் சிலவற்றை ஊன்றிப் பார்க்கச் சொல்வேன். செசி பெல்லின் 'எல் டெஃபோ' 2014ல் வந்த படக்கதை. நான்கு வயதில் மூளையுறைக் காய்ச்சலால் செவித்திறனை இழந்த தன் சொந்தக் கதையை அவர் நீண்ட காதுகள் உள்ள முயல்களாக வரைந்தார். அதில் பேச்சுக் குமிழிகளைக் கவனியுங்கள். செவிக்கருவியின் பேட்டரி தீரத் தீர, குமிழிக்குள் எழுத்து மங்கிக்கொண்டே வந்து கடைசியில் வெறுமையாகிவிடும். குமிழி இருக்கிறது, உள்ளே ஒன்றுமில்லை. கேளாமை என்றால் என்ன என்று பத்துப் பக்கம் எழுதி விளக்க வேண்டியதை அந்த வெற்றுக் குமிழி ஒரு நொடியில் செய்கிறது. இந்நூலின் சிறுமி சைகைமொழி கற்க முதலில் மறுக்கிறாள் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். எல்லாக் காது கேளாத பிள்ளைகளும் ஒரே மாதிரி இல்லை. ஆசிரியர் அதை மழுப்பாமல் எழுதியிருக்கிறார்.

ஐசக் மில்மனின் 'மோசஸ் கோஸ் டு எ கான்சர்ட்' 1998ல் வந்தது. காது கேளாத பிள்ளைகள் இசைக்கச்சேரிக்குப் போகிறார்கள். ஆசிரியர் ஆளுக்கொரு பலூன் கொடுக்கிறார். அதைப் பிடித்துக்கொண்டு அதிர்வை உணர்கிறார்கள். மேடையில் தாளவாத்தியம் வாசிப்பவர் காலணி இல்லாமல் நிற்கிறார். அவருக்கும் காது கேட்காது. தரையின் அதிர்வைக் காலால் வாங்குகிறார். பரிதாபத்துக்கு அங்கே இடமே இல்லை. பக்கங்களில் மோசஸ் ஏதாவது ஒரு வாக்கியத்தைச் சைகையில் சொல்லும் சிறு படங்கள், கை எந்தப் பக்கம் நகர்கிறது என்று காட்டும் அம்புக்குறிகளோடு இருக்கின்றன. தவில், உறுமி, பறை என்று அதிர்வுக்குப் பஞ்சமில்லாத நம்மிடமிருந்து இப்படி ஒரு கதை வரவில்லையே என்று எனக்கு ஆதங்கமாக இருக்கிறது. தைப்பூசத்தன்று காவடியோடு வரும் மேளத்தை நெஞ்சில் வாங்கிக்கொண்டு நிற்கும் பிள்ளையை யாராவது எழுதுங்கள்.

ரேமண்ட் அன்ட்ரோபஸ் எழுதி பாலி டன்பார் வரைந்த 'கேன் பேர்ஸ் ஸ்கி' 2020ல் வெளியானது. இருவருமே செவித்திறன் குறைந்தவர்கள். உதட்டசைவைப் பார்த்துத் தவறாகப் புரிந்துகொள்ளும் ஒரு வாக்கியம்தான் அதன் அச்சாணி. அதனாலேயே அதைத் தமிழில் பெயர்க்க முடியாது. தமிழ் உதட்டிலிருந்து புதிதாகப் பிறக்க வேண்டும். கண்ணாடிமுன் நின்று 'பாட்டு', 'மாட்டு' என்று ஒலியெழுப்பாமல் சொல்லிப் பாருங்கள். உதடு இரண்டுக்கும் ஒன்றேதான். 'கல்' என்று சொல்லுங்கள். ககரம் தொண்டைப் பக்கமே தங்கிவிடும், வெளியே எதுவும் தெரியாது. உதட்டைப் பார்த்தே பிள்ளை எல்லாவற்றையும் புரிந்துகொள்வான் என்று நம்பும் உறவினர்களுக்கு இந்த ஒரு சோதனை போதும். ஒரு நல்ல கதாசிரியருக்கு இதில் ஒரு முழுக் கதையே இருக்கிறது.

கதைக்களத்தைப் பற்றி மூன்று வேண்டுகோள்கள். கடைசிப் பக்கத்தில் காது கேட்டுவிடும் அற்புதம் வேண்டாம். காது கேளாத பிள்ளையை மற்றவர்கள் அன்பு காட்டக் கற்றுக்கொள்வதற்கான பாத்திரமாக மட்டும் வைக்க வேண்டாம். அவளுக்கும் பொறாமை, குறும்பு, பிடிவாதம் எல்லாம் இருக்கட்டும். பழங்கதைகளில் தாராளமாகப் புழங்கும் 'ஊமை' என்ற சொல்லை இனி அச்சிட வேண்டாம். 2007ல் வந்த 'மொழி' திரைப்படத்தில் ஜோதிகா நடித்த பாத்திரத்தை நம் வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். தன் தீர்மானங்களைத் தானே எடுக்கும் அப்படியொரு பெண்ணைப் பெரியவர்களுக்கான வெகுசன சினிமா காட்டிவிட்டது. சிறார் நூல் இன்னும் அந்த இடத்துக்கு வரவில்லை.

ஓவியர்களுக்குத் தனியாக ஒரு சொல். கையை வரைய வேண்டும் என்றதும் நம் கண்ணில் பரதநாட்டிய முத்திரை வந்து நிற்கும். சைகைமொழி அதுவல்ல. கைவடிவம், உடலில் அது தொடங்கும் இடம், அசைவு, உள்ளங்கை பார்க்கும் திசை, முகம் ஆகிய ஐந்தில் ஒன்று மாறினாலும் சைகையின் பொருள் மாறக்கூடும். பல சைகைமொழிகளில் கேள்வியைக் கேள்வியாக்குவது புருவம். முகத்தை வெட்டிவிட்டுக் கைகளை மட்டும் அழகாக வரைந்த பக்கம் பாதி வாக்கியம்தான். அச்சில் அசைவை முழுதாகக் கொண்டுவர முடியாது என்பதால், பக்கத்தின் ஓரத்தில் ஒரு க்யூஆர் குறியீடு வைத்துக் காணொளிக்கு இட்டுச்செல்வது இன்று கட்டாயம். கல்லாடட் பல்கலைக்கழகக் குழு 2013ல் 'தி பேயோபாப்' என்ற கதைச்செயலியை வெளியிட்டது. காது கேளாதோரே முன்னின்று செய்த அந்தச் செயலியில் கதை சொல்பவரின் காணொளியும் எழுத்தும் சரிசமமாக இடம்பெற்றன. நமக்கு நல்ல முன்மாதிரி அது. தனிச் சைகைகளைச் சரிபார்க்க நன்யாங் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தின் சிங்கப்பூர்ச் சைகைமொழித் தொகுப்பு இணையத்திலேயே கிடைக்கிறது.

புத்தகம் வந்தபின் அதை வாசிக்கும் விதம் இருக்கிறதே, அதில்தான் நூலகரும் ஆசிரியரும் முன்னால் நிற்க வேண்டும். நம் கதைநேரத்தை ஒரு காது கேளாத பிள்ளையின் இடத்தில் உட்கார்ந்து பாருங்கள். கதை சொல்பவர் புத்தகத்தை முகத்துக்கு முன்னால் பிடித்திருக்கிறார். அவருக்குப் பின்னால் சன்னல். வெளிச்சத்தில் முகம் கறுத்துத் தெரிகிறது. பக்கத்தைத் திருப்பிக்கொண்டே பேசுகிறார். படத்தைப் பார்த்தால் முகம் தவறிப்போகிறது, முகத்தைப் பார்த்தால் படம் தவறிப்போகிறது. இதைச் சரிசெய்யப் பணம் தேவையில்லை. சன்னலை எதிரே வைத்து உட்காருங்கள். முதலில் படத்தைக் காட்டிவிட்டுக் காத்திருங்கள். பிள்ளையின் கண் உங்களிடம் திரும்பியபின் சொல்லுங்கள்.

பாட்டி பேரனை மடியில் இருத்திக் கதை சொல்வார். அப்போது பேரன் கண்ணுக்குப் பாட்டி முகமும் தெரியாது, கையும் தெரியாது. அதற்காக மடியை விட்டு இறக்க வேண்டியதில்லை. காது கேளாத பெரியவர்கள் நெடுங்காலமாகச் செய்துவருவதை டேவிட் ஷ்லெப்பர் 1997ல் பதினைந்து கோட்பாடுகளாகத் தொகுத்தார். சைகையைப் புத்தகப் பக்கத்தின் மேலேயே காட்டலாம்; பிள்ளையின் உடம்பின் மேலும் காட்டலாம்; எழுதிய வரியை விட்டு விலகிப் போகலாம்; ஒரே கதையை எத்தனை முறை வேண்டுமானாலும் திரும்பச் சொல்லலாம். பாட்டிமாருக்கு இதில் புதிதாகக் கற்க வேண்டியது சைகைகள் மட்டும்தான். வாரநாள் மாலை வகுப்புக்குப் போக எல்லாராலும் இயலாது. இருபது சைகைகள் உள்ள ஒரு தமிழ்ப் படக்கதை, தொலைபேசியில் பார்க்கக் காணொளி, இரண்டும் இருந்தால் வீட்டிலேயே தொடங்கிவிடலாம்.

சொல்லாமல் விட முடியாத ஒன்று கூலி. சைகைமொழி வகுப்புக்குச் சில மாதங்கள் போய்வந்த, காது கேட்கும் ஆர்வலரைக் காணொளியில் நிறுத்தி வேலையை முடித்துவிடும் வழக்கம் பல நாடுகளில் உண்டு. நாம் அப்படிச் செய்யக் கூடாது. பிறந்ததிலிருந்தோ பள்ளிப் பருவத்திலிருந்தோ சைகைமொழியில் வாழ்பவர் கதையைச் சொல்ல வேண்டும், கதை உருவாகும்போதே உடன் உட்கார வேண்டும், எழுத்தாளருக்கும் ஓவியருக்கும் போல அவருக்கும் ஊதியம் போக வேண்டும். தமிழ் எழுத்தாளருக்கும் அவருக்கும் இடையே மொழிபெயர்ப்பாளர் தேவைப்படும். அந்தச் செலவை முதல்நாளே வரவுசெலவுத் திட்டத்தில் எழுதுங்கள்.

அடுத்த இதழிலிருந்து படக்கதைக் கைப்படிகளுக்கு நான்கு பக்கங்கள் ஒதுக்குகிறோம். தமிழ் உரையும் சிங்கப்பூர்ச் சைகைமொழியும் சேர்ந்த முயற்சியாக இருக்க வேண்டும். மூன்று முதல் ஏழு வயதுப் பிள்ளைகளுக்கானதாக இருக்கட்டும். முழுக்கதை தேவையில்லை, எட்டுப் பக்க வரைவு போதும். எழுதியவர், வரைந்தவர் பெயர்களோடு சைகையில் சொன்னவரின் பெயரும் முதல் பக்கத்தில் அதே அளவு எழுத்தில் இருக்க வேண்டும். அது இல்லாத வரைவுகளைப் பரிசீலிக்க மாட்டோம்.