ஒரே பால் குடித்தவர்கள்

பல்கலைக்கழகத்தில் ஊடகவியல் படித்தபோது, ஒரு விரிவுரையில் பழைய ஓவியம் ஒன்றைத் திரையில் காட்டினார்கள். நற்செய்தி எழுதும் புனித மத்தேயு. கையில் எழுதுகோல், அகன்ற கண்கள், உடையின் மடிப்புகளில் ஒரு படபடப்பு. 'எப்போ நற்செய்தி நூல்' என்றார் விரிவுரையாளர். பக்கத்தில் இருந்த தோழி, "எப்போ முடியும்னு கேளுடி" என்று முணுமுணுத்தாள். சிரிப்பை அடக்கியதில் மீதிப் பாடம் காதில் விழவே இல்லை.

எப்போ என்பது ஒரு மனிதரின் பெயர் என்பதைப் பிறகுதான் தேடிப் படித்தேன். 9-ஆம் நூற்றாண்டில், பிராங்கியப் பேரரசில், ரீம்ஸ் நகரின் பேராயர். பிறந்தது பண்ணை அடிமைக் குடும்பத்தில். பேரரசர் சார்லமேனின் மகன் லூயிக்குப் பால் கொடுத்த செவிலித்தாய் இவருடைய அம்மாதான் என்பார்கள். இளவரசரோடு வளர்ந்தார், விடுதலை பெற்றார், படித்தார், லூயியின் நூலகத்தைப் பார்த்துக்கொண்டார். லூயி பேரரசரானதும் 816-இல் இவரைப் பேராயராக்கினார். 823-இல் டென்மார்க் வரை சமயப்பணிக்குப் போய் வந்தார்.

833-இல் லூயியின் மகன்களே அப்பாவுக்கு எதிராகப் படை திரட்டினார்கள். லூயியின் ஆட்கள் இரவோடு இரவாகக் கட்சி மாற, அவர் சிறைப்பட்டார். சுவாசோன் நகர மடாலயத்தில், ஆயர்கள் சூழ, ஆயுதங்களைக் கழற்றி வைத்துப் பாவமன்னிப்பு உடை அணிந்தார். அந்தச் சடங்கை முன்னின்று நடத்தியவர் எப்போ! மூத்த மகன் லோத்தாரிடமிருந்து ஒரு வளமான மடாலயமும் அவருக்குக் கிடைத்தது.

ஆனால், அடுத்த ஆண்டே லூயி மீண்டும் அரியணை ஏறிவிட்டார். 835-இல் மெட்ஸ் தேவாலயத்தில் எப்போவை மேடையேற்றினார்கள். பேரரசரை நீக்கியது அநியாயம் என்று கூட்டத்தின் முன் தன் வாயாலேயே அறிவித்தார். பிறகு, தான் பதவிக்குத் தகுதியற்றவன் என்று எழுதிக் கொடுத்து விலகினார்.

ஒருமுறை செய்தியில் ஓர் ஊரின் பெயரை மாற்றிச் சொல்லிவிட்டு, வானொலியில் திருத்தம் வாசித்தேன். இருபது விநாடிதான். தொண்டை வறண்டுவிட்டது.

எப்போ செய்தது துரோகம்தான், அதில் எனக்குச் சந்தேகமில்லை. உறுத்துவது வேறு. லூயியின் வரலாற்றை எழுதிய தெகன் என்ற குருவானவர் எப்போவைத் திட்டும்போது, செயலை மட்டும் திட்டவில்லை, பிறப்பையும் இழுக்கிறார். அரசர் உனக்கு விடுதலை தரலாம், உயர்குடிப் பிறப்பைத் தர முடியாது என்ற தொனி. லூயிக்கு எதிராக நின்ற பெரிய மனிதர்கள் வேறு பலரும் உண்டு. லியோன் பேராயர் அகோபார்டும் பதவி இழந்தார். ஆனால் சில ஆண்டுகளில் திரும்பப் பெற்றார். எப்போவுக்கு லூயி உயிரோடு இருந்தவரை அது நடக்கவில்லை.

840-இல் லூயி இறந்ததும் லோத்தார் எப்போவை ரீம்ஸுக்குத் திரும்ப அழைத்தார். அதுவும் ஓராண்டுதான். கடைசியில் ஜெர்மனியின் ஹில்டெஸ்ஹைமில் ஆயராக இருந்து, 851-இல் இறந்தார். அந்த ஓராண்டில் அவர் குருப்பட்டம் கொடுத்தவர்கள் உண்மையான குருக்கள்தானா என்ற வழக்கு மட்டும், அவர் இறந்து பதினைந்து ஆண்டுகள் ஆகியும் ஓயவில்லை.

அந்த மத்தேயு இப்போது பிரான்சின் எப்பெர்னே நகர நூலகத்தில் இருக்கிறார். இன்னும் எழுதிக்கொண்டுதான் இருக்கிறார், அதே படபடப்போடு.