விளையாட்டுப் பிள்ளைகளின் அக்கறைகூட நமக்கு இல்லையா?



கணினி விளையாட்டு என்றாலே நான் திட்டுவேன் என்று உங்களுக்குத் தெரியும். இன்று திட்டு வேறு ஆட்களுக்கு.

2004-இல் அமெரிக்காவில் 'வாம்பயர்: தி மாஸ்கரேட் – பிளட்லைன்ஸ்' என்றொரு விளையாட்டு வந்தது. நாமே கதாபாத்திரமாகிப் பேசி, முடிவெடுத்து ஆடுவது. ஏகப்பட்ட பிழைகளோடு வந்தது. அதைச் செய்த ட்ரோய்கா நிறுவனம் அடுத்த ஆண்டே மூடப்பட்டது. ஆனால் ஆடுகிறவர்களே பிழைதிருத்தும் கோப்புகளை (பேட்ச் என்கிறான் பேரன்) எழுதி, வருடக்கணக்காக இலவசமாகக் கொடுத்து வருகிறார்கள். ரத்தக்காட்டேரி விளையாட்டுக்கு இவ்வளவு!

தமிழுக்கு? "யூனிகோடு வந்துவிட்டது, பழைய எழுத்துரு எதற்கு சார்?" என்று கேட்கும் கணினி படித்த பிள்ளைகளே, சண்டை உங்களோடுதான். பாமினி, வானவில், திஸ்கி என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு கணக்கு. பாமினியில் ஆங்கில 'எம்' தட்டினால் திரையில் 'அ' வரும். அந்த எழுத்துரு இல்லாத கணினியில் வெறும் ஆங்கிலக் குப்பைதான் தெரியும். 1999-இல் டாம், டாப் என்று தரப்படுத்திய தமிழக அரசு, 2010-இல் யூனிகோடுக்கு வந்தது. சரியான முடிவுதான். அதற்கு முன் தட்டச்சு செய்தவை தாமாக மாறிவிடுமா?

ஒரு பள்ளி ஆண்டுமலரின் சிடி என்னிடம் இருக்கிறது. எட்டாம் வகுப்புப் பிள்ளைகள் ஊர்ப் பாட்டிகளிடம் கேட்டு எழுதிய நடவுப் பாட்டுகள் அதில் உண்டு. பாட்டிகளில் பலர் இன்று இல்லை. அச்சுப் பிரதிகளைக் கரையான் தின்றுவிட்டது. கோப்பு திறக்கிறது, படிக்க முடியவில்லை. எந்த எழுத்துரு என்று தெரிந்தால் மாற்றிவிடலாம். அச்சடித்த கடைக்காரரோ, "பழைய சிஸ்டத்தை ஃபார்மேட் பண்ணியாச்சு சார்" என்கிறார், ஏதோ வீட்டுக்கு வெள்ளையடித்தது போல.

முடியாத காரியமா இது? 1998 பொங்கலன்று தொடங்கிய மதுரைத் திட்டம் நூல்களைத் திஸ்கியில் ஏற்றியது, பிறகு யூனிகோடுக்கு மாற்றியது. சம்பளத்துக்கா செய்தார்கள்? நம் பக்கத்தில் விதை வெங்காயத்தைப் பட்டறை போட்டு எப்படிக் காக்கிறோம்! ஒரு எழுத்துருக் கோப்புக்குப் பென்டிரைவில் இடமில்லையாம்.

டிடிபி வேலை பார்த்த பிள்ளைகளே, பழைய கணினியைக் காயலான் கடையில் போடுமுன் அதிலுள்ள எழுத்துருக்களையும் மாற்றிகளையும் எடுத்து எனக்கு அனுப்புங்கள். பாடாலூர்ப் பக்கம் வந்தால் நேரிலேயே கொடுக்கலாம். சிடி போடும் வசதியுள்ள மடிக்கணினி இருந்தால் அதையும் கொண்டுவாருங்கள். என்னுடையதில் அந்தத் தட்டு வெளியே வர மறுக்கிறது.