கூலிக்காரர் ஸாட்டோ

குரோசாவாவைப் பற்றி எழுதும் நம் விமர்சகர்களுக்கு இசை என்ற ஒன்று ஞாபகம் வருவது தோரு தகெமிட்ஸு வரும்போதுதான். 'ரான்' (1985) என்றதும் பக்கம் பக்கமாகப் பரவசம். தகெமிட்ஸு கச்சேரி மேடைக்கும் எழுதியவர், ஆகவே கலைஞர். மஸாரு ஸாட்டோ (1928-1999) சினிமாவையே பிழைப்பாகக் கொண்டவர். 300-க்கும் மேற்பட்ட படங்கள், அவற்றில் 4 காட்ஸில்லா. ஆகவே கூலிக்காரர். தகெமிட்ஸுவும் ஏறக்குறைய 100 படங்களுக்கு இசையமைத்தவர் என்பது இந்த ஜாதிக் கணக்கில் வராது.

படங்களைக் காதால் பார்த்தவர்கள் இப்படிப் பிரிக்கமாட்டார்கள். 1955இல் ஃபூமியோ ஹயசகா காசநோயில் இறந்தபோது அவர் பாதியில் விட்ட குரோசாவா படத்தை முடித்துக் கொடுத்தவர் சிஷ்யர் ஸாட்டோ. அதன்பின் 'ரெட் பியர்ட்' (1965) வரை குரோசாவாவின் ஒவ்வொரு படத்துக்கும் அவர்தான். 'யோஜிம்போ'வின் (1961) ஆரம்பத்தில் ஒரு நாய், வெட்டுண்ட மனிதக் கையைக் கவ்விக்கொண்டு தெருவில் வருகிறது. வேறு யாராக இருந்தாலும் அந்த இடத்தில் நம்மைப் பயமுறுத்தப் பார்த்திருப்பார்கள். ஸாட்டோவின் இசை குஷியாக நடைபோடுகிறது. இது எந்த மாதிரிப் படம், இதில் சாவுக்கு என்ன விலை என்பதெல்லாம் அங்கேயே தீர்ந்துவிடுகிறது. ஸாமுராய் கதையில் ஹார்ப்ஸிகார்டுக்கு என்ன வேலை என்று கேட்கும் பண்டிதர்களை என்ன செய்ய? அந்தப் பொருந்தாமைதான் படமே.

'லோயர் டெப்த்ஸ்' (1957) அதைவிடத் துணிச்சல். கார்க்கியின் நாடகம், அழவைக்க எத்தனையோ சந்தர்ப்பம். பின்னணி இசையோ ஏறக்குறைய இல்லை. கடைசியில் குடிகாரர்கள் வாயாலும் கையாலும் எழுப்பும் கொட்டுதான் சங்கீதம். அடிக்கு இவ்வளவு என்று வாத்திய சத்தம் விற்பவன் இந்த மௌனத்துக்குச் சம்மதித்திருப்பானா?

காட்ஸில்லா படங்களில் சில சுமார்தான். அதனால் என்ன? நாம் வருஷத்துக்கு எழுதும் கவிதைகளில் எத்தனை தேறுகிறது?

'காகெமுஷா' (1980) சமயம் குரோசாவா, ஏற்கெனவே இருக்கும் ஐரோப்பிய இசையை அச்சாக வைத்து அதுபோல ஒன்று வேண்டுமென்கிறார். ஸாட்டோ விலகிக்கொள்கிறார். வேலை ஷினிசிரோ இகெபேயிடம் போகிறது. உலகத்தின் கண் முழுக்க விழப்போகிற ஒரு படம், 10 வருஷ உறவுள்ள டைரக்டர் - இரண்டையும் விட்டுவிட்டு வருவது கூலிக்காரன் செய்கிற காரியமல்ல.

'ரா'னிலும் இதே தகராறு. குரோசாவா மாலரைப் போலக் கேட்டார், தகெமிட்ஸு முறுக்கிக்கொண்டார், கடைசியில் எழுதியும் கொடுத்தார். இந்தக் கதையை ஒரு கலைஞனின் சுயமரியாதைக்கு உதாரணமாக நம்மவர்கள் சொல்லி நான் பலமுறை கேட்டிருக்கிறேன். எழுதிக் கொடுக்காமலே வெளியேறியவரின் பெயரை ஒருவரும் சொல்லவில்லை.