விடுதிச் சுவருக்கு வெளியே ஒலித்த ரெகே

ஜமைக்காவின் ரெகே இசை என்றதும் உலகின் பெரும்பகுதிக்கு நினைவில் எழுவது நீலக்கடல், தென்னை, சாய்வு நாற்காலி. அடிமை வரலாற்றையும் சேரியின் பசியையும் பாடிய இசை, ஓய்வு விடுதிகளின் பின்னணி இசையாகச் சுருங்கிப்போனது. இதில் சந்தைக்குப் பெரும் பங்கு உண்டு. ரெகே பாடகர் பாப் மார்லி 1981-இல் மறைந்தார். 1984-இல் வெளியான அவருடைய ‘லெஜண்ட்’ பாடல் தொகுப்பு, ரெகே வரலாற்றிலேயே மிக அதிகமாக விற்றது. அதில் காதலுக்கும் ஆறுதலுக்கும் தாராளமாக இடம் கிடைத்தது. அவருடைய கோபத்தைச் சுமந்த பாடல்களில் பெரும்பாலானவற்றுக்குக் கிடைக்கவில்லை.

அந்தக் கோபத்தை மீட்டெடுத்தவர், அவர் இறந்தபோது இரண்டு வயதே ஆகியிருந்த மகன் டேமியன் மார்லி. 2005-இல் வெளிவந்த அவருடைய ‘வெல்கம் டு ஜாம்ராக்’ ஆல்பம் ரெகேயுடன் அதன் கிளையான டான்ஸ்ஹாலையும் ஹிப்-ஹாப்பையும் இணைத்தது. இப்படிக் கலந்தால் ரெகேயின் தூய்மை கெடும் என்று வருந்துவோர் உண்டு. என் பார்வையில், அந்தக் கலப்புதான் ரெகேக்கு அதன் பழைய கூர்மையைத் திருப்பித் தந்தது.

முதலில், இந்த மூன்று இசைகளின் சேர்க்கை அந்நியர்களின் கூட்டு அல்ல. ஜமைக்காவின் தலைநகரான கிங்ஸ்டனின் தெருக்களில் பெரிய ஒலிபெருக்கிகளை அடுக்கி நடத்தப்பட்ட ‘சவுண்ட் சிஸ்டம்’ கொண்டாட்டங்களில், ஓடும் இசைத்தட்டின் மீது யூ-ராய் போன்றவர்கள் தாளத்தோடு பேசிப் பாடினார்கள். அந்தச் சூழலில் வளர்ந்த கூல் ஹெர்க் 1967-இல் நியூயார்க் சென்றார். 1973 ஆகஸ்டில் பிராங்ஸ் பகுதியில் அவர் இசை வழங்கிய விருந்தையே ஹிப்-ஹாப்பின் பிறப்பாகக் கொண்டாடுகிறார்கள். டான்ஸ்ஹாலும் அதே தெருக்களில்தான் உருவானது. ஆக, மூன்றுக்கும் வேர் ஒன்றே.

ஆல்பத்தின் தலைப்புப் பாடலைக் கவனித்துக் கேளுங்கள். அதன் அடித்தளம், பாடகர் ஐனி கமோஸி 1984-இல் வெளியிட்ட ஒரு பாடலுக்கு இசைக்கலைஞர்கள் ஸ்லை டன்பரும் ராபி ஷேக்ஸ்பியரும் அமைத்த தாளம். ஜமைக்காவில் ‘ரிதிம்’ எனப்படும் இத்தகைய தாளத்தின் மீது யார் வேண்டுமானாலும் புதுப் பாடல் கட்டலாம். அது அங்கே நெடுநாள் வழக்கம். கனத்த பேஸ் ஒலியின் மீது டேமியன் மூச்சுவிடாமல் சொற்களை அடுக்குகிறார். பயணிகள் காணும் தீவு ஒன்று, துப்பாக்கிக்கு நடுவே ஏழைகள் வாழும் தீவு வேறொன்று என்பதே பாடலின் சாரம். இரு பெரும் அரசியல் கட்சிகளும் கிங்ஸ்டன் குடியிருப்புகளைக் கூறுபோட்டு ஆயுதம் புழங்கவிட்ட நாடு ஜமைக்கா. 1980 தேர்தல் ஆண்டின் வன்முறையில் மட்டும் சுமார் 800 பேர் மாண்டனர். இவ்வளவையும் சொல்ல மெல்லிசை போதாது. டான்ஸ்ஹாலின் கரகரப்பும் ராப்பின் சொல்வேகமும் தேவைப்பட்டன.

அதே ஆல்பத்தின் ‘பிம்பாஸ் பாரடைஸ்’ இன்னும் நுட்பமானது. ஆடம்பரத்திலும் போதையிலும் வீழ்ந்த பெண்ணைப் பற்றி 1980-இல் தந்தை பாடிய பாடல் அது. மகன்கள் டேமியனும் ஸ்டீபனும் அதை மறுபடி எடுத்து, ஹிப்-ஹாப் குழுவான தி ரூட்ஸின் ராப் பாடகர் பிளாக் தாட்டையும் சேர்த்துக்கொண்டு, அவளுடைய கதையை விரித்துச் சொல்கிறார்கள். தந்தை கோட்டோவியமாகத் தீட்டியதற்கு ராப் சதையும் ரத்தமும் தருகிறது.

உலக அழகிப் பட்டம் வென்ற தாய்க்கும் உலகப் புகழ் பெற்ற தந்தைக்கும் பிறந்தவருக்குச் சேரியைப் பாட என்ன உரிமை என்று கேட்கலாம். கேள்வி நியாயமானது. ஆனால் அந்தக் குடும்பப் பெயரை வைத்துக்கொண்டு இதமான காதல் பாடல்களாலேயே அவர் காலம் தள்ளியிருக்க முடியும். உலகம் செவிசாய்க்கும் பெயரைக் கொண்டு, உலகம் பார்க்க விரும்பாத தெருக்களைக் காட்டினார். 2006-இல் இந்த ஆல்பம் சிறந்த ரெகே ஆல்பத்துக்கான கிராமி விருதையும், தலைப்புப் பாடல் ரெகேக்கு வெளியே இன்னொரு பிரிவில் கிராமியையும் வென்றன. கசப்பான உண்மைக்கும் கேட்பவர்கள் இருக்கிறார்கள் என்பதற்கு இது சான்று.

2018-இல் யுனெஸ்கோ ரெகேயை மனிதகுலத்தின் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது. அந்தப் பெருமையைச் சுற்றுலா விளம்பரத்துக்கு மட்டும் பயன்படுத்துவது, இசையை வைத்துக்கொண்டு அதைப் படைத்த மக்களைக் கைவிடுவதாகும். மேற்குக் கிங்ஸ்டன் சேரிகளின் இளைஞர்களுக்குக் கல்வியும் வேலையும் பாதுகாப்பும் கிடைக்கச் செய்வதே ஜமைக்கா அரசு ரெகேக்குச் செய்யக்கூடிய உண்மையான மரியாதை. கேட்பவர்களாகிய நமக்கும் ஒரு கடமை உண்டு: தாளத்துக்குத் தலையசைக்கும்போதே, அந்தப் பாட்டு யாருடைய துயரைச் சொல்கிறது என்றும் கேட்டறிவது.